பழமும் சீஸும் வைத்த குட்டி பீட்சா: சிங்கப்பூர்க் கடைகளில் எதை வாங்கலாம், எதை விட்டுவிடலாம்

உள்ளங்கையில் அடங்கும் பீட்சா, அதன்மேல் இரண்டு மூன்று துண்டு பேரிக்காய், இடையில் உருகி நிற்கும் சீஸ். விருந்துச் சாப்பாட்டுக்கு முன் கையில் எடுத்து மூன்றே கடியில் முடிக்க இது மிகத் தோதான பலகாரம். வீட்டில் செய்யும்போது மட்டும் அடி சொதசொதத்துப் போகிறது. எடுத்த கையிலேயே மடிந்து, மேலே வைத்ததெல்லாம் வழுக்கி விழுகிறது. ஓவனைக் குறை சொல்வோம், மாவைக் குறை சொல்வோம். உண்மையான காரணம் தண்ணீர். பழத்தில் உள்ள தண்ணீர், சீஸில் உள்ள தண்ணீர், போதாததற்கு நம் ஊர்க் காற்றின் ஈரம். அதனால் பேரங்காடிகளிலும் தேக்காவிலும் கிடைக்கும் பொருள்களை ஒரே அளவுகோலால் மதிப்பிட்டிருக்கிறோம்: எது தண்ணீரைத் தாங்குகிறது, எது தண்ணீரை விடுகிறது.

கீழே சொல்லும் அளவுகள் எல்லாம் 9 செண்டிமீட்டர் அகலத்தில் (பரோட்டா அடிக்கு மட்டும் 8) 16 பீட்சாக்களுக்கு. எட்டுப் பேருக்கு ஆளுக்கு இரண்டு வரும்.

அடி ரொட்டி

பேரங்காடியில் ஆயத்தமாகக் கிடைக்கும் பீட்சா ரொட்டியை முதலிலேயே ஒதுக்கிவிடலாம். பெரிய வட்டத்திலிருந்து கிண்ணத்தால் குட்டி வட்டங்களாக வெட்டினால் மூன்றில் ஒரு பங்கு ஓரமாகவே வீணாகும். மிஞ்சுவதும் பன் போல மெத்தென்று இருக்கும். அது பழச்சாற்றைப் பஞ்சுபோல உறிஞ்சிக்கொள்ளும். ராப் எனப்படும் மெல்லிய ரொட்டியில் வெட்டினால் ஓவனிலிருந்து எடுத்ததும் அப்பளம்போல நொறுங்கும், அருமையாக இருக்கும். பத்து நிமிடம் கழித்துத் தொட்டால் ஈரத்துணி. சமையலறையில் நின்றபடியே சாப்பிடுவதென்றால் சரி, விருந்துக்கு ஆகாது.

சின்ன நான் ரொட்டி, பீட்டா ரொட்டி இரண்டும் அவசரத்துக்குக் கைகொடுக்கும். மேல்பக்கம் முழுக்க எண்ணெய் தடவி, எதுவும் வைக்காமல் 200 டிகிரியில் 3 நிமிடம் காயவைத்து, அதன்பிறகே மேல்பொருள்களை வைக்க வேண்டும். இந்த 3 நிமிடத்தைச் சேமிக்க நினைத்தால் நடுப்பகுதி வெந்த ரொட்டிபோலத் துவண்டுவிடும். பீட்டா இரண்டு அடுக்காகப் பிரியக்கூடியது. பிரித்து மெலிதாகப் பயன்படுத்த வேண்டாம். முழுத் தடிமனுடன் இருக்கட்டும்.

எதிர்பாராமல் மிக நன்றாக வருவது உறைந்த பரோட்டா. சீஸ் பரோட்டாவும் வாழைப்பழப் பரோட்டாவும் கடையில் கேட்டு வாங்கிச் சாப்பிடும் ஊர் இது. பரோட்டாவின்மேல் பழமும் சீஸும் இங்கே யாருக்கும் புதிதல்ல. அடுக்கடுக்காக உள்ள கொழுப்பு, சாறு உள்ளே இறங்காமல் தடுக்கிறது என்பதே இதன் பெரிய பலம். ஆனால் கையாளத் தெரிந்திருக்க வேண்டும். உறைபெட்டியிலிருந்து எடுத்து 5 நிமிடத்துக்குள் வெட்டிவிடுங்கள். நம் வீட்டுச் சூட்டில் பத்து நிமிடம் போனால் பிசுபிசுத்துத் தாளோடு ஒட்டிக்கொள்ளும், அடுக்குகளும் நசுங்கிவிடும். 8 செண்டிமீட்டர் வாயுள்ள டம்ளரால் அழுத்தி வெட்டி, முள்கரண்டியால் பத்துப் பன்னிரண்டு இடத்தில் குத்துங்கள். பேக்கிங் தாள்மேல் அடுக்கி, மேலே இன்னொரு தாள், அதன்மேல் ஒரு கனமான தட்டு. இப்படிப் பாரம் வைத்து 200 டிகிரியில் 8 நிமிடம். பாரம் வைக்காவிட்டால் பூரிபோல உப்பிச் சரிந்துவிடும். மேலே பேரிக்காய் நிற்காது. பிறகு பாரத்தை எடுத்துவிட்டு, மேல்பொருள் வைத்து இன்னும் 5 முதல் 6 நிமிடம்.

குறை ஒன்று உண்டு. பரோட்டாவிலேயே கொழுப்பு நிறைய. அதன்மேல் மொசரெல்லாவையும் வழக்கமான அளவில் போட்டால் எண்ணெய் கையில் வழியும். ஒன்றுக்கு 8 கிராமுக்குமேல் மொசரெல்லா வேண்டாம். மீதியை ரிக்கோட்டா என்ற மென்மையான இத்தாலியச் சீஸோ துருவிய பனீரோ ஈடுகட்டட்டும்.

நேரம் இருந்தால் வீட்டில் பிசைந்த மாவுக்கு இணை எதுவுமில்லை. 250 கிராம் ரொட்டி மாவு, 158 கிராம் குளிர்ந்த தண்ணீர், 5 கிராம் உப்பு, 2 கிராம் உடனடி ஈஸ்ட், 8 கிராம் ஆலிவ் எண்ணெய். ரொட்டி மாவு என்று நாம் சொல்வது 100 கிராமில் 12 கிராமுக்குக் குறையாமல் புரதம் உள்ள மாவை; பொட்டலத்தின் ஊட்டச்சத்துப் பட்டியலில் பார்த்துக்கொள்ளலாம். ஃபூன் ஹுவாட் போன்ற பேக்கிங் பொருள் கடைகளில் எப்போதும் இருக்கும். மைதாதான் கைவசம் என்றால் தண்ணீரை 145 கிராமாகக் குறைத்துக்கொள்ளுங்கள். ரொட்டி கொஞ்சம் மென்மையாக வரும், மோசமில்லை.

எட்டு நிமிடம் பிசைந்து மூடி வைக்க வேண்டும். இந்த இடத்தில்தான் சிங்கப்பூர்ச் சமையலறை வெளிநாட்டுச் செய்முறையோடு ஒத்துப்போகாது. குளிர்நாட்டுக்காரர்கள் இரண்டு மணி நேரம் பொங்கவிடச் சொல்வார்கள். 30 டிகிரியில் 60 முதல் 70 நிமிடத்திலேயே மாவு இரட்டிப்பாகிவிடும். இரண்டு மணி நேரம் விட்டால் புளித்த வாடை வரும், விரலில் ஒட்டும், தட்டும்போது நடுவில் கிழியும். தண்ணீரைக் குளிர்பெட்டியிலிருந்து எடுத்து ஊற்றச் சொல்வதும் இதனால்தான். முந்தைய இரவே பிசைந்து குளிர்பெட்டியில் வைப்பதென்றால் ஈஸ்டை 1 கிராமாகக் குறைத்தால் போதும். சுவையும் அப்போதுதான் கூடுதல்.

பொங்கிய மாவை 26 கிராம் உருண்டைகளாக்குங்கள். கண்ணளவில் வேண்டாம், தராசில் நிறுங்கள். 20 கிராமும் 32 கிராமும் ஒரே தட்டில் இருந்தால் ஒன்று கருகும்போது இன்னொன்று வேகாது. 15 நிமிடம் ஓய்வு கொடுத்த பிறகு விரலாலோ பூரிக்கட்டையாலோ 9 செண்டிமீட்டருக்குத் தேய்க்கலாம். பெரிய பீட்சாவுக்குப் பூரிக்கட்டை ஆகாது என்பார்கள். இந்தக் குட்டிக்கு நடுப்பகுதி உப்பக் கூடாது என்பதால் கட்டையே நல்லது. தேய்க்கத் தேய்க்கச் சுருங்கினால் கோபப்பட்டு அழுத்தாதீர்கள். இன்னும் 5 நிமிடம் மூடி வைத்தால் தானாக இணங்கும்.

சீஸ்: ஈரத்தை முதலில் பாருங்கள்

மொசரெல்லா என்று எழுதிய இரண்டு பொட்டலங்கள் ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. தண்ணீரில் மிதக்கும் வெள்ளை உருண்டையில் பாதிக்குமேல் தண்ணீர்தான். கட்டியாக, வெளிர்மஞ்சளாக விற்கும் ஈரம் குறைந்த மொசரெல்லாவில் அது 45 முதல் 52 சதவீதம். வித்தியாசம் சின்னதாகத் தெரியலாம். பழத்தோடு சேரும்போது அதுவே முடிவைத் தீர்மானிக்கிறது. உருண்டையை அப்படியே வெட்டி வைத்த பீட்சாவை ஓவன் கதவுக் கண்ணாடி வழியாகக் கவனித்தால், நான்காவது நிமிடத்தில் சீஸைச் சுற்றிப் பால்நிறத்தில் ஒரு குளம் கட்டும். பேரிக்காய்ச் சாறும் அதில் சேரும். அந்தக் குளம் வற்றுவதற்குள் சீஸ் ரப்பராகிவிடும். உருண்டைதான் வேண்டுமென்றால் அரை செண்டிமீட்டர் துண்டுகளாக வெட்டி, வடிகட்டியில் சமையல்தாள் விரித்து, இரவு முழுக்கக் குளிர்பெட்டியில் வடியவிடுங்கள்.

ஆகவே கட்டியாக உள்ள ஈரம் குறைந்த மொசரெல்லாவை வாங்கி நீங்களே துருவுவதுதான் எங்கள் தெளிவான பரிந்துரை. துருவியே விற்பதில் ஒட்டாமலிருக்க மாவுச்சத்தோ செல்லுலோஸோ தூவியிருப்பார்கள். பொருள் பட்டியலில் இ460 என்றும் இருக்கலாம். உடலுக்குக் கெடுதல் என்று சொல்லவில்லை. ஆனால் அந்தத் தூள் ஒவ்வொரு இழையையும் தனித்தனியாக நிறுத்துகிறது. ஒன்றாக உருகி ஒரு போர்வைபோலப் பழத்தைப் பிடித்துக்கொள்வதற்கு முன்பே இழைகளின் நுனி பழுப்பாகிவிடும். துருவும் முன் கட்டியைப் பத்து நிமிடம் உறைபெட்டியில் வைத்தால் துருவியில் அப்பாது.

இன்னொரு எச்சரிக்கை. பீட்சாவுக்கென்றே மலிவாக விற்கும் சில பொட்டலங்களில் பாலுக்குப் பதில் தாவர எண்ணெய் முதலிடத்தில் இருக்கும். அது சீஸின் சாயல் மட்டுமே. உருகுவதுபோல் உருகி, ஆறியதும் மெழுகாக அண்ணத்தில் ஒட்டும். விலை ஒப்பிடும்போது பொட்டல விலையைப் பார்க்காமல் 100 கிராமுக்கு எவ்வளவு என்று பாருங்கள்; அப்போது நல்ல கட்டிக்கும் இதற்கும் உள்ள இடைவெளி நினைத்த அளவு பெரிதாக இருக்காது.

மொசரெல்லா பிடித்துக்கொள்ளும் வேலையைச் செய்கிறது. சுவை சொல்ல வேறொன்று வேண்டும். பழத்துக்கு எதிர்நிற்க உப்பும் காரமான மணமும் உள்ள சீஸ் தேவை. நீலப்பூஞ்சை ஓடும் கோர்கோன்சோலாவும் பேரிக்காயும் சேர்ந்தது இத்தாலியரின் பழைய ஜோடி. சீஸும் பேரிக்காயும் சேர்ந்தால் எவ்வளவு ருசி என்பதை விவசாயிக்குத் தெரியவிடாதே என்று அங்கே ஒரு பழமொழியே உண்டு. கோர்கோன்சோலாவில் இளசான, இனிப்புச் சாயல் உள்ள வகையை வாங்குங்கள். முற்றிய வகை சூட்டில் இன்னும் உறைப்பாகி, பழக்கமில்லாத விருந்தாளியை விரட்டிவிடும். ஒரு பீட்சாவுக்கு 4 கிராம், அதாவது சுண்டுவிரல் நுனியளவு மூன்று துணுக்கு. அதற்குமேல் போட்டால் பேரிக்காய் இருப்பதே தெரியாது.

வெண்தோல் மூடிய மென்மையான பிரீ சீஸ் அத்திப்பழத்தோடு நன்றாகச் சேரும். குளிர்பெட்டியிலிருந்து எடுத்த சூட்டோடு, இல்லை, எடுத்த குளிரோடு வெட்டுங்கள். இளகிவிட்டால் கத்தியோடு போகும். முதலிலேயே வைத்தால் தோல் மட்டும் மிஞ்சி உள்ளிருப்பது ஓடிவிடும். ஆகவே கடைசி 2 நிமிடத்துக்கு மட்டும். ஃபெட்டா உருகாது, அதுவே அதன் அழகு. ஆனால் உப்பு அதிகம், கால் மணி நேரம் தண்ணீரில் ஊறவைத்து, நன்றாக ஒற்றியெடுத்து உதிர்த்துப் போடுங்கள்.

சைவ வீடுகளுக்கு ஒரு சொல். பார்மிஜியானோ ரெஜியானோ (அசல் பார்மசான்), கோர்கோன்சோலா இரண்டிலும் பாலை உறையவைப்பது கன்றின் வயிற்றிலிருந்து எடுக்கும் ரென்னட். பாலிலிருந்து வந்தது என்பதால் சைவம் என்று எண்ணிப் பரிமாறிவிட்டுப் பிறகு வருந்த வேண்டியிருக்கும். சைவக் குறியோ நுண்ணுயிர் ரென்னட் என்ற வரியோ உள்ளதைத் தேடி எடுங்கள். மொசரெல்லாவில் அப்படிப்பட்டவை எளிதாகக் கிடைக்கும். முஸ்லிம் நண்பர்கள் வருகிறார்கள் என்றால் முயிஸ் (சிங்கப்பூர் இஸ்லாமியச் சமய மன்றம்) ஹலால் முத்திரை உள்ளதைத் தனியாக வாங்கி, தனித்தட்டில் சுட்டுவிடுவது மரியாதை.

இதற்கெல்லாம் சிரமமில்லாதது பனீர். எலுமிச்சையோ வினிகரோ விட்டுத் திரித்தது, ரென்னட் கிடையாது. அமிலத்தில் திரிந்த புரதம் சூட்டில் தளராமல் இறுகும் என்பதால் உருகுமென்று எதிர்பார்க்காதீர்கள். கட்டங்களாக வெட்டி வைத்தால் சுண்ணாம்புக்கட்டிபோலக் காயும். துருவி, ஒரு சிட்டிகை உப்பும் கொஞ்சம் எண்ணெயும் பிசிறி, மொசரெல்லாவோடு பாதிக்குப் பாதி கலந்தால் பால்மணத்தோடு மாம்பழத்துக்கு வெகு பொருத்தம்.

பழம்: எந்தக் கடையில் எது

பேரிக்காயில் சுமார் 84 சதவீதம் தண்ணீர், மாம்பழத்திலும் ஏறக்குறைய அவ்வளவுதான், அன்னாசியில் 86. உலர்ந்த அத்தியில் 30, பேரீச்சையில் 20 சதவீதத்தை ஒட்டி. இந்தக் கணக்கை மனத்தில் வைத்தால் பழத்தட்டின் முன்னால் நின்று குழம்ப வேண்டியதில்லை. தர்ப்பூசணி, பப்பாளி, டிராகன் பழம் மூன்றும் சுடுவதற்கு உரியவையே அல்ல.

பேரிக்காய் வாங்கும்போது பலரும் ஏமாறுவது வகையில். மொறுமொறுவென்று கடிக்கும் உருண்டையான கொரியப் பேரிக்காயும் சீனப் பேரிக்காயும் பச்சையாகச் சாப்பிட அமிர்தம். ஓவனில் அவை இளகாமல் தண்ணீரை மட்டும் விடும். வேண்டியது மணிவடிவப் பழம்: பாக்கம், கான்ஃபரன்ஸ் வகைகள். காம்புக்குப் பக்கத்தில் கட்டைவிரலால் அழுத்தினால் லேசாக இளக வேண்டும், வயிற்றுப்பகுதி இன்னும் உறுதியாக இருக்க வேண்டும். கல்லாக இருந்தால் வீட்டில் வெளியே வைத்தால் இரண்டு மூன்று நாளில் சரியாகும். 3 மில்லிமீட்டர் சீவலாக வெட்டுங்கள். அதைவிட மெலிதானால் சுருண்டு கருகும்; தடித்தால் ரொட்டி வெந்த பிறகும் நடுவில் பச்சையாக நிற்கும். இரண்டு நடுத்தரப் பழம் 16 பீட்சாவுக்குப் போதும். வெட்டியதும் சமையல்தாளில் ஒற்றி உடனே வையுங்கள். கறுக்காமலிருக்க எலுமிச்சைத் தண்ணீரில் போடும் வழக்கம் இங்கே வேண்டாம். நாமே ஈரத்தைக் கூட்டுவதாகும், சுட்டபின் நிறம் எப்படியும் மாறும்.

அன்னாசியும் சீஸும் சேர்ந்த பீட்சா 1962ல் கனடாவின் ஆன்டேரியோ மாநிலத்தில், சாட்டம் என்ற ஊரில், சாம் பனோபுலோஸ் என்ற கிரேக்கர் தம் உணவகத்தில் செய்தது. ஹவாய் பீட்சா என்ற பெயர் அவர் திறந்த அன்னாசி டப்பாவின் வணிகப் பெயரிலிருந்து வந்தது. டப்பா என்பது முக்கியம். பச்சை அன்னாசியில் புரதத்தை அறுக்கும் புரோமலைன் என்ற நொதி இருக்கிறது. டப்பாவில் அடைக்கும் சூட்டில் அது செயலிழந்துவிடும். பச்சை அன்னாசியை ரிக்கோட்டாமேல் வைத்துக் காத்திருக்கும் தட்டில் சீஸ் நீர்த்துக் கசக்கத் தொடங்குவது இந்த நொதியால்தான். ஈரச்சந்தையில் தோல்சீவித் தரும் பழம்தான் ருசி என்பவர்கள் (நாங்களும் அந்தக் கட்சி) சுண்டைக்காய் அளவுத் துண்டுகளாக்கி, எண்ணெய் இல்லாத வாணலியில் பெருந்தீயில் 4 முதல் 5 நிமிடம் வதக்குங்கள். முதலில் சாறு கொட்டும், பிறகு வற்றும், பிறகு ஓரம் பழுப்பாகிக் கருப்பட்டி மணம் வரும். அப்போது இறக்குங்கள். 20 கிராம் பழம் 12 கிராமாகச் சுண்டியிருக்கும், நொதியும் போயிருக்கும். டப்பா என்றால் சர்க்கரைப்பாகில் உள்ளதை விட்டுச் சொந்தச் சாற்றில் உள்ளதை எடுத்து, கால் மணி நேரம் வடித்து, துணியில் பிழியுங்கள்.

இந்திய மாம்பழம் தேக்காவிலும் லிட்டில் இந்தியா கடைகளிலும் ஏப்ரல் முதல் ஜூன் வரை குவியும். அல்போன்சாவை இதற்குப் பயன்படுத்த வேண்டாம். அவ்வளவு இளகிய பழத்தைச் சுட்டு வீணாக்குவானேன். பாதி பழுத்த பங்கனபள்ளி நல்லது. மாம்பழத்தை ஓவனுக்குள் அனுப்பாமல், சுட்டு எடுத்த சீஸின்மேல் உடனே வைத்து, பொடியாக அரிந்த பச்சை மிளகாயும் இடித்த மிளகும் தூவுங்கள். மாங்காயை உப்பும் மிளகாய்த்தூளும் தொட்டுத் தின்று வளர்ந்த நாக்கு நம்முடையது; இத்தாலியில் இல்லாத இந்தச் சேர்க்கை நம் விருந்தில் முதலில் தீரும். புளிப்பு வேண்டுமென்றால் கிளிமூக்கு மாங்காயைத் தாள்போலச் சீவி, பனீர் பீட்சாவோடு.

திராட்சையை நீளவாக்கில் பாதியாக்கி, வெட்டிய பக்கம் மேலே பார்க்க வையுங்கள். தோல் கிண்ணம்போலச் சாற்றைத் தாங்கிக்கொள்ளும். கவிழ்த்து வைத்தால் அவ்வளவும் ரொட்டியில் இறங்கும். ஆப்பிளில் பச்சை நிறப் புளிப்பு வகை மட்டும். வாழைப்பழம் பரோட்டா அடியில்தான் எடுபடும். டுரியானின் சுளை கெட்டியானது, தண்ணீர் 65 சதவீதம்தான், மொசரெல்லாவோடு சுட்டால் குழைவாகச் சேரும்; மணம் ஓவனில் நாள்கணக்கில் தங்கும் என்பதால் கடைசித் தட்டாகச் சுடுங்கள்.

தண்ணீர்த் தொல்லையே இல்லாத பழங்கள் மளிகைக் கடையில் இருக்கின்றன. புத்தம்புதிய அத்திப்பழம் இங்கே விலை அதிகம், வாங்கியதும் கெடுகிறது. கயிற்றில் கோத்து விற்கும் உலர் அத்தியைச் சுடுதண்ணீரில் 10 நிமிடம் ஊறவைத்து, ஒற்றி, நான்காக வெட்டினால் ஓவனில் அல்வாபோல இளகும். முஸ்தஃபாவிலும் லிட்டில் இந்தியாவிலும் பேரீச்சை வகைவகையாக உண்டு. நோன்பு மாதத்துக்கு முன் கேலாங் சிராயில் இன்னும் நல்ல தேர்வு. நல்ல சதைப்பற்றுள்ள பேரீச்சை ஒன்றைக் கொட்டை நீக்கி ஆறாகக் கிழித்து, 4 கிராம் நீலச் சீஸோடு ஒரு பீட்சாவில் வைத்துப் பாருங்கள். முதல்முறை செய்பவர்களுக்கு நாங்கள் சொல்வது பேரிக்காயையல்ல, இதைத்தான். தவறவே தவறாது.

அடுக்கும் முறை

தக்காளிச் சாஸை மறந்துவிடுங்கள். அது ஈரம், புளிப்பு. பழத்தின் இனிப்போடு மோதும். அதன் இடத்தில் வதக்கிய வெங்காயம். 300 கிராம் பெரிய வெங்காயத்தை மெலிதாக அரிந்து, ஒரு கரண்டி எண்ணெயும் உப்பும் சேர்த்துச் சிறுதீயில் 35 நிமிடம். ஜாம்போலச் சுருங்கி 100 கிராமுக்குள் வரும். தீயைக் கூட்டி 10 நிமிடத்தில் முடித்தால் நிறம் வரும், ஈரம் உள்ளேயே இருக்கும்.

ரொட்டியின்மேல் எண்ணெய்ப் பூச்சு, 6 கிராம் வெங்காயம், 8 கிராம் மொசரெல்லா, அதன்பிறகு பழம், பழத்தின்மேல் மீதி 4 கிராம் மொசரெல்லாவும் நீலச் சீஸ் துணுக்குகளும். அடியில் உள்ள சீஸ் உருகி ரொட்டிக்கும் பழத்துக்கும் நடுவே தடுப்பாக நிற்கும், மேலே உள்ளது பழத்தைக் கட்டிப்பிடிக்கும். ஓரத்தில் ஒரு செண்டிமீட்டர் வெறுமையாக இருக்கட்டும். பழத்தை ரொட்டியில் நேராக வைப்பதுதான் நாங்கள் பார்த்த தவறுகளிலேயே மிக அடிக்கடி நேர்வது. தேன், வால்நட், கீரை இலைகள் எல்லாம் சுட்ட பிறகே. தேன் ஒன்றுக்குக் கால் தேக்கரண்டி. ஓவனுக்குள் போனால் கருகித் தாளோடு ஒட்டும்.

ஓவனும் தோசைக்கல்லும்

வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீடுகளில் பெரும்பாலும் இருப்பது 30 முதல் 40 லிட்டர் மேசை ஓவன். அதன் விளக்கு அணைந்தால் காற்று சூடாகிவிட்டது என்று பொருள். தட்டு இன்னும் ஆறித்தான் இருக்கும். விளக்கு அணைந்ததும் பீட்சாவை வைப்பவர்களுக்கு மேல்பக்கம் பழுத்து அடி வெள்ளையாக வருவது இதனால்தான். 230 டிகிரியில் 20 முதல் 25 நிமிடம் சூடேற்றுங்கள். உள்ளே வைக்கும் சின்ன வெப்பமானி ஒன்றை வாங்குவது நல்ல முதலீடு. சில ஓவன்களில் குமிழ் காட்டும் எண்ணுக்கும் உண்மைக்கும் 20 டிகிரி வரை இடைவெளி இருக்கும். இந்த ஓவன்கள் 1,500 முதல் 2,000 வாட் இழுக்கக்கூடியவை, ஆகவே சுவரின் 13 ஆம்ப் துளையில் நேராகச் செருகுங்கள். கெட்டிலோடு ஒரே நீட்டிப்புப் பலகையில் வேண்டாம்.

பீட்சா கல் வாங்கவா என்று கேட்டால், மேசை ஓவனுக்கு வேண்டாம். தடித்த கல் சூடாக முக்கால் மணி நேரம் பிடிக்கும். உங்கள் வீட்டு இரும்புத் தோசைக்கல் 20 நிமிடத்தில் அதே வேலையைச் செய்யும். கைப்பிடியில் மரமோ பிளாஸ்டிக்கோ இல்லாத, 26 செண்டிமீட்டருக்கு உட்பட்ட கல்லாக இருக்க வேண்டும். ஓவனின் உள்ளளவை முதலில் அளந்துகொள்ளுங்கள். ஒட்டாத பூச்சுள்ள கல் கூடாது, வெறுமையாக அவ்வளவு சூட்டில் வைக்கப் பூச்சு தாங்காது. காய்ந்த கல்லில் தாளோடு நான்கு குட்டிகளைச் சறுக்கிவிட்டால் சுர்ரென்று ஒரு சத்தம் கேட்கும். அந்தச் சத்தம்தான் அடியின் ஈரம் ஆவியாகும் சத்தம். கேட்காவிட்டால் கல் காயவில்லை, எடுத்துவிட்டு இன்னும் 5 நிமிடம் பொறுங்கள்.

முன்கூட்டிச் சுடாத மாவு 7 முதல் 8 நிமிடம் எடுக்கும். மேல்பக்கத்தைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள். தட்டைக்கரண்டியால் ஒன்றைத் தூக்கி அடியைப் பாருங்கள்: தோசையின் அடிபோலப் பழுப்புப் புள்ளிகள் பரவியிருக்க வேண்டும், தட்டினால் தட்டென்று ஒலிக்க வேண்டும். ஒரே சீராக வெளுத்திருந்தால் இன்னும் ஒரு நிமிடம். பத்து நிமிடத்தைத் தாண்டினால் சீஸிலிருந்து கொழுப்பு பிரிந்து மஞ்சள் எண்ணெயாக மிதக்கும்.

ஏர் ஃபிரையரில் 200 டிகிரிக்குமேல் போகாத வகைகளே அதிகம், சூடும் மேலிருந்துதான் வரும். முதலில் வெறும் ரொட்டியை 3 நிமிடம் சுட்டுத் திருப்பிப் போட்டு, சிவந்த பக்கத்தின்மேல் சீஸும் பழமும் வைத்து இன்னும் 4 நிமிடம். தாளின் ஓரம் ரொட்டிக்கு வெளியே நீட்டிக்கொண்டிருக்கக் கூடாது; காற்று அதைத் தூக்கிச் சூட்டுக்கம்பியில் ஒட்டவைத்துவிடும். ஒரு வேளைக்கு நான்கு சுடுபவர்களுக்கு இது போதும். மூடி போட்டு அழுத்தும் மின்சார பீட்சாக் கருவிகள் இந்த வேலைக்குச் சரிப்படாது. பழத்தின் ஆவி வெளியே போக வழியில்லாமல் மூடியில் முத்துமுத்தாகக் கோத்து, திரும்ப பீட்சாமேலேயே சொட்டும்.

விருந்து நாளில்

தீபாவளித் திறந்த இல்ல விருந்துக்கு அறுபது எண்பது செய்ய வேண்டியிருந்தால் முதல்நாளே ரொட்டிகளைக் குத்தி 230 டிகிரியில் 3 நிமிடம் அரைவேக்காடாகச் சுட்டுவிடுங்கள். கம்பித்தட்டில் முழுக்க ஆறிய பிறகே டப்பாவில் அடையுங்கள். சூட்டோடு மூடினால் மறுநாள் நனைந்த இட்லித்துணிபோல இருக்கும். இடையில் தாள் வைத்து உறைபெட்டியில் ஒரு மாதம் தாங்கும். விருந்தன்று மேல்பொருளை வைத்ததும் நேராக ஓவனுக்கு, 5 நிமிடம். மேல்பொருளோடு அடுக்கிக் காத்திருக்க வைக்காதீர்கள், பழம் அந்த நேரத்தில்தான் சாறு விடும்.

சுட்டதைப் பீங்கான் தட்டில் கொட்டாமல் இரண்டு நிமிடம் கம்பித்தட்டில் வைத்து, பிறகு மரப்பலகையில் பரிமாறுங்கள். பதினைந்து நிமிடத்துக்குமேல் சீஸ் இறுகத் தொடங்கும், அதனால் ஒரே நேரத்தில் எல்லாவற்றையும் சுடாமல் எட்டு எட்டாக எடுத்து வாருங்கள். இந்தச் சூட்டில் இரண்டு மணி நேரத்துக்குமேல் வெளியே இருந்தவற்றை வைத்துக்கொள்ள வேண்டாம். அதற்குள் குளிர்பெட்டிக்குப் போனவற்றை மறுநாள் மைக்ரோவேவில் வைக்காதீர்கள், ரொட்டி தோலாகிவிடும். தோசைக்கல்லைச் சிறுதீயில் வைத்து, எண்ணெய் விடாமல் மூன்று நிமிடம் திறந்தபடி சூடாக்கி, சீஸ் இளக கடைசி அரை நிமிடம் மட்டும் மூடுங்கள்.